தலைமடையில் பிறந்தவர்களுக்கு

பிச்சாட்டூரிலும் அதன் சுற்றுவட்டாரத்து ஊர்களிலும் வீட்டுக்குத் தலைப்பிள்ளைகளாய்ப் பிறந்து, தகப்பன் சொத்தைப் பங்கு போடும் நாளை எதிர்நோக்கியோ கடந்தோ நிற்கிற அண்ணன்மார்களுக்கும் தம்பிமார்களுக்கும், உங்களைப் போலவே ஒரு வீட்டின் மூத்த மகனாய்ப் பிறந்து எழுபது வயதை எட்டிவிட்ட ஓய்வுபெற்ற ஆசிரியன் ஒருவன் வணக்கத்துடன் எழுதும் மடல் இது.

தமிழ், தெலுங்கு ஆகிய இரண்டும் எழுதப் படிக்கத் தெரிந்தவன் என்ற ஒரே காரணத்தால், அக்கம்பக்கத்தில் எந்த வீட்டில் பாகப்பிரிவினை நடந்தாலும், எழுதி வந்த பத்திரத்தை உரக்கப் படித்து வீட்டுப் பெண்களுக்கு அதன் பொருளைச் சொல்லும்படி என்னை அழைப்பது சில ஆண்டுகளாக வழக்கமாகிவிட்டது. 1960ஆம் ஆண்டில் எல்லைகள் மாற்றி வரையப்பட்டு, திருத்தணி அந்தப் பக்கமும் நாம் இந்தப் பக்கமுமாக நின்ற நாள் முதல், வீட்டில் தமிழும் பத்திரத்தில் தெலுங்குமாகவே வாழ்ந்து வருகிற ஜனங்கள் நாம். அண்மையில், 2022இல், சித்தூர் மாவட்டம் போய்த் திருப்பதி மாவட்டம் என்று முகவரி மாறியபோதும் அந்த வாழ்வு மாறவில்லை. ஆகவே தெலுங்கெழுத்து அறியாத நம் அத்தைமாரும் தங்கைமாரும் தாங்கள் எதில் கையெழுத்திடுகிறோம் என்பதை மற்றொருவன் வாயால்தான் கேட்டறிய வேண்டியிருக்கிறது.

சென்ற தை மாதம், நெல் அறுவடை முடிந்து களம் காலியான சமயத்தில், அப்படி ஒரு கிறிஸ்தவ குடும்பத்துக்குப் போயிருந்தேன். பேச்சு முற்றி வந்த வேளையில் அவ்வீட்டின் மூத்தவர் உள்ளே சென்று வேதாகமத்தைக் கொண்டுவந்து, உபாகமத்தின் இருபத்தோராம் அதிகாரத்தைப் பிரித்து, அதன் பதினேழாம் வசனத்தில் விரலை வைத்து, முதற்பேறானவனுக்கு இரண்டு பங்கு என்பது கடவுள் வகுத்த நியதி என்று நிதானமாகச் சொன்னார். அதற்கு அடுத்த வாரம் ஓர் இந்துக் குடும்பத்தில், வேறொரு மூத்தவர், புத்தகம் எதையும் பிரிக்காமலே, மூத்தவனுக்கு மிகுபங்கு தரும் ஜ்யேஷ்டபாகம் என்பது சாஸ்திரம் என்றார். இரு வீட்டிலும் தம்பிகள் மௌனமாயிருந்தார்கள்; இரு வீட்டிலும் பெண்கள் கதவுக்குப் பின்னால் நின்றார்கள். அந்த இரு மௌனங்களையும் சுமந்துகொண்டு வீடு திரும்பியவன், பல மாதங்கள் வேதாகமத்தையும், யூத அறிஞர்கள் அதன்மேல் எழுதிவைத்த விளக்கங்களையும், நம் தர்மசாஸ்திர நூல்களையும் இயன்ற மட்டும் வாசித்தேன். வாசித்ததில் எனக்குத் தெளிந்ததை உங்கள் முன் வைக்காவிட்டால் என் மனச்சாட்சி என்னை விடாது.

முதலில் அந்தப் பதினேழாம் வசனம். அது உண்மையிலேயே அங்கே இருக்கிறது. முதற்பேறானவனுக்கு இரட்டைப் பங்கு என்றுதான் சொல்கிறது. ஆனால் அதற்கு முந்திய இரண்டு வசனங்களைப் படியாமல் அதை மட்டும் படிப்பது, மருந்துச்சீட்டில் நோயின் பெயரை மறைத்துவிட்டு அளவை மட்டும் வாசிப்பதற்கு ஒப்பாகும். ஒருவனுக்கு இரண்டு மனைவியர். ஒருத்தியிடம் அவனுக்கு அன்பு, மற்றவளிடம் வெறுப்பு. வெறுக்கப்பட்டவள் வயிற்றில் தலைமகன் பிறந்துவிட்டான். இப்போது தகப்பன், அன்புக்குரியவளின் பிள்ளைமேல் உள்ள பாசத்தால், அவனையே மூத்தவன் ஸ்தானத்தில் வைத்துச் சொத்தை எழுதிவிடக் கூடாது என்பதே அங்கே பேசப்படும் விஷயம். அதாவது, மூத்தவனை மற்றவர்களுக்கு மேலே உயர்த்திவைக்கும் உத்தேசத்தோடு எழுந்த சட்டம் அன்று அது; தள்ளிவைக்கப்பட்ட தாய் ஒருத்தியின் பிள்ளையைத் தகப்பனின் மனம்போன போக்கிலிருந்து காப்பாற்றும் பொருட்டு எழுந்தது. வீட்டில் யாருக்குப் பலம் குறைவோ அவர் பக்கம் சாய்ந்த ஒரு விதியை, வீட்டில் யாருக்குப் பலம் அதிகமோ அவர் கையிலெடுத்துப் பேசுவது எப்படி நியாயமாகும் என்று அன்றைக்கே அந்தப் பெரியவரைக் கேட்டிருக்க வேண்டும். எனக்கு அப்போது அந்தத் தெளிவு இல்லை.

நம் மொழியில் வேதாகமத்தைப் பெயர்த்த பெரியவர்கள் ஒரு காரியம் செய்திருக்கிறார்கள். எபிரெய மொழியில் பெகோரா எனப்படும் முதற்பேற்றுரிமைக்குத் தமிழில் என்ன சொல் இடுவது என்று எண்ணிப் பார்த்து, நம் வீட்டுப் பாகப்பிரிவினைச் சொல்லையே எடுத்துச் சேஷ்டபுத்திரபாகம் என்று எழுதினார்கள். ஆகையால் பிச்சாட்டூரில் அந்த இரண்டு வீடுகளிலும் நான் கேட்டது ஒரே சொல்தான். ஒருவர் அதை உபாகமத்திலிருந்தும் மற்றவர் சாஸ்திரத்திலிருந்தும் எடுத்தார் என்பது மட்டுமே வேறுபாடு. அந்தச் சேஷ்டபுத்திரபாகத்தைத்தான் ஏசா என்னும் மூத்தவன், வெளியிலிருந்து களைத்து வந்த ஒரு நாளில், தம்பி யாக்கோபு காய்ச்சி வைத்திருந்த பயற்றங்கூழுக்கு விற்றுவிட்டான். காலையில் கூழ் குடித்துக் கழனிக்குப் போகிற நமக்கு, பசியில் மனிதன் எதையும் விற்பான் என்பதை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அந்தக் கதையைச் சொன்னவர், பசித்தவனைக் காட்டிலும், தனக்குப் பிறப்பால் வாய்த்ததை அற்பமாக எண்ணினவனையே கடிந்து பேசுகிறார். பின்பு தகப்பனின் ஆசீர்வாதத்தையும் அவன் இழக்கிறான். உரிமையைக் குறிக்கும் பெகோரா என்ற சொல்லும், ஆசியைக் குறிக்கும் பெராகா என்ற சொல்லும் எபிரெய எழுத்தில் ஒரே எழுத்துகளின் இடமாற்றம்தான் என்பதை அம்மொழி கற்றோர் எடுத்துக் காட்டுவதுண்டு.

இன்னொன்றைக் கவனியுங்கள். மூத்தவனுக்கு இரட்டைப் பங்கு என்று சட்டம் எழுதிய அதே நூல், கதை சொல்லத் தொடங்கும்போதெல்லாம் மூத்தவனைத் தாண்டியே போகிறது. இஸ்மவேல் மூத்தவன், வாக்குத்தத்தம் ஈசாக்குக்குப் போயிற்று. யாக்கோபின் தலைமகன் ரூபன். தகப்பனின் படுக்கையை அவன் அவமதித்ததால், அவனுடைய உரிமை யோசேப்பின் மக்களுக்குச் சென்றது என்று நாளாகமம் வெளிப்படையாக எழுதிவைத்திருக்கிறது. அந்த யோசேப்பு தன் பிள்ளைகள் இருவரையும் கிழத் தகப்பனிடம் ஆசி பெற அழைத்துச் சென்று, மூத்தவன் மனாசே அவர் வலக்கைக்கும் இளையவன் எப்பிராயீம் இடக்கைக்கும் நேரே வரும்படி நிறுத்த, பார்வை மங்கிய யாக்கோபோ கைகளைக் குறுக்கே மாற்றி வலக்கையை இளையவன் தலைமேல் வைத்தார். யோசேப்பு தடுத்தபோது, தெரியும் மகனே, தெரிந்தேதான் செய்கிறேன் என்ற கருத்துப்பட மறுமொழி சொன்னார். தன் வாழ்நாளெல்லாம் அண்ணனுக்கு உரியதைக் கவர்ந்தவன் என்ற பெயரைச் சுமந்த ஒரு கிழவர், சாகும் தறுவாயிலும் கைகளை மாற்றிவைக்கிற அந்தக் காட்சியில் நான் வெகுநேரம் நின்றுவிட்டேன். அரசுரிமைக்கு வந்தாலும் அப்படியே: ஈசாயின் மக்கள் பலர் வரிசையாக வந்து நின்ற பிறகு, ஆடு மேய்க்கப் போயிருந்த கடைக்குட்டி தாவீதையே அழைத்துவந்து அபிஷேகம் செய்தார்கள், அந்தத் தாவீதின் மக்களுள்ளும், வயதில் மூத்த அதோனியா சிம்மாசனத்தை எதிர்பார்த்திருக்க, சாலொமோனே அரசனானான். சட்டம் ஒரு திசையிலும் கதை மற்றொரு திசையிலும் போவதை முரண்பாடு என்று சொல்லி ஒதுக்க எனக்கு மனமில்லை. பிறப்பின் முறை மாற்ற முடியாதது, ஆனால் அந்த முறை ஒன்றே ஒருவனைத் தகுதியுடையவனாக ஆக்காது என்ற இரண்டையும் ஒரே நூலில் பத்திரப்படுத்தி வைத்த ஒரு ஜனத்தின் அனுபவமாகவே அதைக் கொள்கிறேன்.

இனி, நமக்கு மிக உபயோகமான பகுதிக்கு வருகிறேன். கி.பி. 200ஐ ஒட்டி யூதா என்ற பெரும் ஆசாரியர் தொகுத்த மிஷ்னா என்னும் நூலும், அதன்மேல் பல தலைமுறைகள் நடந்த விவாதங்களான தால்முத்தும், இந்த இரட்டைப் பங்கை எப்படிக் கணக்கிடுவது என்பதை நம் ஊர்ப் பெரிய மனிதர்கள் திண்ணையில் உட்கார்ந்து பேசுவது போலவே நுணுக்கமாகப் பேசுகின்றன. மூன்று பிள்ளைகள் இருந்தால் சொத்தை நான்காகப் பிரிக்க வேண்டும். மூத்தவனுக்கு இரண்டு, மற்ற இருவருக்கும் ஒவ்வொன்று. பன்னிரண்டு ஏக்கர் என்றால் ஆறு, மூன்று, மூன்று. இவ்வளவோடு நின்றிருந்தால் நம் மூத்தவர்களுக்கு மகிழ்ச்சியே. ஆனால் அவர்கள் நிற்கவில்லை. தகப்பன் சொத்தில்தான் இரட்டைப் பங்கு; தாயின் சொத்தில் எல்லோருக்கும் சமம். தகப்பன் இறந்த நாளில் அவர் கைவசம் இருந்ததில்தான் இரட்டைப் பங்கு. பின்னால் வரவேண்டியிருந்ததில் இல்லை. அவர் காலமான பிறகு நிலத்தில் ஏற்பட்ட அபிவிருத்தியிலும் இல்லை. நம் நாட்டு வழக்கில் வைத்துச் சொன்னால், அப்பா விட்டுப்போன கழனியில் மூத்தவனுக்கு இரண்டு பங்கு உண்டானாலும், அவருக்குப் பின் தம்பிகளும் சேர்ந்து வெட்டிய கிணற்றால் உயர்ந்த மதிப்பில் அவன் கூடுதலாகக் கை வைக்க முடியாது.

எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு விதி. மூத்தவன் இரண்டு பங்கு சொத்தை எடுப்பானாகில், தகப்பன் வைத்துப்போன கடனிலும் இரண்டு பங்கை அவனே தீர்க்க வேண்டும். நாலு லட்ச ரூபாய் கடன் என்றால் அந்த மூன்று பிள்ளைகளில் அவன் தலையில் இரண்டு லட்சம். அந்தப் பாரம் தனக்கு வேண்டாமென்றால், எனக்குக் கூடுதல் பங்கும் வேண்டாம், கூடுதல் கடனும் வேண்டாம் என்று விலகிக்கொள்ளும் சுதந்தரத்தையும் அந்த ஆசாரியர்கள் அவனுக்குக் கொடுத்திருக்கிறார்கள். சகோதரர்களே, எத்தனையோ பாகப்பிரிவினைகளில் சாட்சிக் கையெழுத்திட்டவன் நான். கூட்டுறவுச் சங்கத்துக் கடனும் நகைக்கடனும் எல்லோர் தலையிலும் சமமாக ஏற, அணைக்கட்டு வாய்க்காலை ஒட்டிய நல்ல துண்டு மட்டும் மூத்தவன் பேருக்கு எழுதப்பட்டதைப் பலமுறை கண்டிருக்கிறேன். அந்தப் பழங்காலத்து ஆசாரியர்கள் நம் ஊர்த் திண்ணையில் உட்கார்ந்திருந்தால் அப்படிப்பட்ட பத்திரம் எழுதப்பட விட்டிருக்க மாட்டார்கள்.

முதற்பேறு என்பது யூதர்களிடம் இரு வகையாக இருந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். சொத்துக்கு மூத்தவன் என்றால் தகப்பனுக்கு முதலில் பிறந்த ஆண்மகன். கடவுளுக்கு உரியவன் என்றாலோ தாயின் கர்ப்பத்தை முதலில் திறந்தவன். எகிப்தில் தலைப்பிள்ளைகள் மடிந்த இரவில் தங்கள் தலைப்பிள்ளைகள் தப்பியதால், அவர்கள் உயிர் கடவுளுக்கே கடன்பட்டது என்பது அவர்கள் நம்பிக்கை. ஆகவே பிறந்து ஒரு மாதம் சென்றபின் ஐந்து சேக்கல் வெள்ளியைக் குருவிடம் செலுத்திப் பிள்ளையை மீட்டுக்கொள்வார்கள்; இன்றும் அந்தச் சடங்கு நடக்கிறது. பஸ்கா பண்டிகைக்கு முந்திய நாளில் தலைப்பிள்ளைகள் உபவாசம் இருப்பதும் உண்டு. பழங்காலத்தில் பலியிடும் பணியைத் தலைப்பிள்ளைகளே செய்து வந்தார்கள் என்பதும், பின்பு அவர்களுக்குப் பதிலாக லேவி கோத்திரத்தார் ஏற்கப்பட்டார்கள் என்பதும் அவர்களுடைய மரபு. எண்ணாகமத்தில் அதன் கணக்கே இருக்கிறது: தலைப்பிள்ளைகள் 22,273 பேர், லேவியர் 22,000 பேர், மிஞ்சிய 273 பேருக்கு ஆளுக்கு ஐந்து சேக்கலாக 1,365 சேக்கல். தகப்பனுக்குக் கொள்ளி வைக்கிறவன் என்பதனால் நம் வீடுகளில் மூத்தவனுக்கு வந்த மரியாதையை இதன் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். இரண்டு மரபிலும் தலைப்பிள்ளை என்பவன் முதலில் கடன்பட்டவனே. பெற்றுக்கொள்வது அதற்குப் பின்னால்தான் வருகிறது.

கதவுக்குப் பின்னால் நின்ற பெண்களைப் பற்றி இன்னும் பேசவில்லை. எண்ணாகமத்தின் இருபத்தேழாம் அதிகாரத்தில் ஐந்து சகோதரிகள் வருகிறார்கள்; மக்லாள், நோவாள், ஒக்லாள், மில்காள், திர்சாள் என்று ஐவர் பெயரையும் அந்நூல் ஒன்றுவிடாமல் சொல்கிறது. செலோப்பியாத் என்பவரின் குமாரத்திகள் அவர்கள். தகப்பனுக்கு ஆண்பிள்ளை இல்லாததால் அவர் பெயரே அற்றுப்போக வேண்டுமா என்று, மோசேயும் குருவும் பிரபுக்களும் சபை முழுதும் கூடியிருந்த வாசலிலே வந்து நின்று கேட்டார்கள். மோசே தாமாகத் தீர்ப்புச் சொல்லவில்லை, கடவுளிடம் கேட்டார், அந்தப் பெண்கள் சொல்வது சரியே என்று விடை வந்தது. ஆண்பிள்ளை இல்லாதபோது பெண்ணுக்கு என்பதுதான் அங்கே பிறந்த விதி. சகோதரன் இருக்கும்போது சமபங்கு என்ற அளவுக்கு அது போகவில்லை என்பதை மறைக்காமல் ஒப்புக்கொள்கிறேன். ஆயினும் மிஷ்னா அதோடு ஒரு கணக்குச் சேர்க்கிறது: எகிப்திலிருந்து புறப்பட்டவர்களில் ஒருவரான தகப்பனுடைய பங்கும், பாட்டனார் ஏப்பேரின் சொத்தில் தகப்பனுக்கு வரவேண்டிய பங்கும், அந்தத் தகப்பன் தலைமகன் ஆனதால் கிடைத்த கூடுதல் பங்கும் ஆக மூன்று பங்குகளை அந்தப் பெண்கள் பெற்றார்களாம். சேஷ்டபுத்திரபாகம் ஐந்து பெண்களின் கைக்குப் போயிருக்கிறது! இதைப் படித்த இரவு நான் விளக்கை அணைக்கவே மறந்துவிட்டேன்.

அப்புறம் நம் ஊரில் கேட்கும் அதே ஆட்சேபத்தைக் கோத்திரத்துப் பெரியவர்கள் கிளப்பினார்கள்: இவர்கள் வேறு கோத்திரத்தில் வாழ்க்கைப்பட்டால் நிலம் நம்மை விட்டுப் போய்விடுமே என்று. அதனால் சொந்தக் கோத்திரத்திலேயே மணம் செய்ய வேண்டும் என்ற கட்டு விதிக்கப்பட்டது. ஆனால் அந்தக் கட்டு அந்த ஒரு தலைமுறைக்கு மட்டுமே என்று பிற்கால ஆசாரியர்கள் முடிவு செய்தார்கள். கோத்திரங்கள் ஒன்றோடொன்று மணவுறவு கொள்ளலாம் என்று அனுமதி பிறந்த நாளென்று ஆவ் மாதத்துப் பதினைந்தாம் நாளைப் பண்டிகை நாளாகவும் கொண்டாடியிருக்கிறார்கள். நிலம் வேறு வீட்டுக்குப் போய்விடும் என்ற பயம் நீங்கிய நாள் ஒரு ஜனத்துக்குத் திருநாளாயிற்று.

நம் சாஸ்திரத்துக்கு வருகிறேன். மனு தர்மத்தில் மூத்தவனே எல்லாவற்றையும் எடுத்துத் தகப்பனைப்போல் மற்றவர்களைக் காக்கலாம் என்றும், இருபதில் ஒரு பங்கு அவனுக்குக் கூடுதல் என்றும், வெவ்வேறு பேச்சுகள் அடுத்தடுத்து உள்ளன. ஆனால் தெலுங்கு தமிழ் நாட்டு அந்தணர்களில் மிகப் பலர் எவருடைய சூத்திரத்தைப் பின்பற்றுகிறார்களோ அந்த ஆபஸ்தம்பர், மூத்தவன் மட்டுமே அடைவான் என்ற கட்சியைச் சாஸ்திர விரோதமென்று தள்ளுகிறார்; மனு தன் பொருளைப் பிள்ளைகளுக்குப் பகிர்ந்தளித்ததாக வரும் வேத வாக்கியத்தையே அதற்குச் சான்றாக்குகிறார். கல்யாணியில் சாளுக்கிய விக்ரமாதித்தன் ஆண்ட காலத்தில் மிதாக்ஷரம் எழுதிய விஞ்ஞானேசுவரரோ இன்னும் துணிந்தவர். மூத்தவனுக்கு மிகுபங்கு சாஸ்திரத்தில் காணப்படுவது உண்மையே, ஆயினும் அது லோகவித்விஷ்டம், உலகம் வெறுப்பது, ஆகவே கைக்கொள்ளத் தக்கதன்று என்று முடிவு கட்டினார். அந்த மிதாக்ஷரமே தென்னாட்டு இந்துக் குடும்பங்களுக்குச் சட்டமாயிற்று. எண்ணூறு ஆண்டுகளுக்கு மேலாக உலகம் வெறுப்பதென்று ஒதுக்கப்பட்ட ஒன்றைச் சாஸ்திரம் என்று சொல்லிப் பத்திரத்தில் ஏற்றும்போது, நாம் சாஸ்திரத்தின் எந்தப் பாகத்தில் நிற்கிறோம் என்பதை அந்த இரண்டாவது வீட்டு அண்ணன் யோசிக்கும்படி வேண்டுகிறேன்.

பங்கு போடும்போது ஊரில் இல்லாத தம்பியைப் பற்றியும் வேதத்தில் ஒரு கதை உண்டு. மனுவின் மகன் நாபாநேதிஷ்டன் குருகுலத்தில் இருந்தபோது சொத்து பிரிக்கப்பட்டுவிட்டது. திரும்பிவந்த அவனுக்கு ஒன்றும் மிஞ்சவில்லை. தகப்பன் சொன்ன யோசனைப்படி அங்கிரஸர்கள் நடத்திய யாகத்துக்குச் சென்று அவர்களுக்குத் தெரியாததைச் சொல்லிக்கொடுத்து ஆயிரம் பசுக்களைப் பெற்றான். சென்னையிலும் பெங்களூரிலும் வளைகுடா நாடுகளிலும் வேலை செய்கிற நம் தம்பிகளுக்கு அப்படிப்பட்ட யாகங்கள் கிடைப்பதில்லை.

ஜமீன்களின் கதை வேறு. கார்வேட்டி நகரம், காளஹஸ்தி என்று நம் அண்டையில் இருந்த ஜமீன்களின் பெருமையைப் பாட்டன்மார் சொல்லக் கேட்டிருக்கிறோம். பங்கிடாமல் பெரும்பாலும் மூத்தவன் வழியிலேயே செல்லும் அத்தகைய பாளையப்பட்டுகளுக்கென்று 1904இல் சென்னை மாகாணத்தில் தனிச் சட்டமே இருந்தது. 1948ஆம் ஆண்டின் எஸ்டேட் ஒழிப்புச் சட்டத்தோடு அந்த ஜமீன்தாரி முறை முடிந்தது. ராஜாக்களுக்கே இல்லாமற்போன மரியாதையை ஐந்து ஏக்கர் குடியானவன் வீட்டில் நிலைநிறுத்த வேண்டுமென்று நாம் ஏன் பிடிவாதமாக இருக்கிறோம் என்பது எனக்கு விளங்கவில்லை.

யூதர்கள் இன்று என்ன செய்கிறார்கள் என்றும் விசாரித்தேன். இஸ்ரவேல் தேசத்தின் 1965ஆம் ஆண்டு வாரிசுச் சட்டத்தில் தலைமகனுக்குத் தனிப் பங்கு கிடையாது. ஆணும் பெண்ணும் சமம். கொச்சியிலும் பம்பாயிலும் வாழ்ந்த நம் நாட்டு யூதர்களுக்கு உரிய 1925ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டமும் அப்படியே. நம் கிறிஸ்தவ சகோதரர்களுக்கும் அதே சட்டம்தான் என்பதை உபாகமத்தில் விரல் வைத்த பெரியவருக்கு நினைவூட்ட விரும்புகிறேன். நம் மாநிலமோ இவ்விஷயத்தில் முன்னோடி. இந்துக் கூட்டுக் குடும்பத்தில் மகளும் மகனைப்போலப் பிறப்பாலேயே பாகஸ்தர் என்று ஆந்திரத்தில் 1986இல் இயற்றிய சட்டம், 1985 செப்டம்பர் 5 முதல் அமலுக்கு வந்ததாகக் கொள்ளப்பட்டது. அதற்கு முன் மணமானவர்களை மட்டும் அது விலக்கியது. தமிழ்நாடு 1989இல்தான் அந்த வழிக்கு வந்தது. தேசம் முழுமைக்கும் 2005 செப்டம்பர் 9 முதல் அது சட்டமாயிற்று. அந்த நாளில் தகப்பன் உயிரோடு இருந்தாரா என்ற கேள்வியே தேவையில்லை என்று 2020 ஆகஸ்டு 11இல் உச்ச நீதிமன்றம் தீர்த்துச் சொல்லிவிட்டது.

சட்டம் வந்துவிட்டது, ஆனால் தன் பங்கை விட்டுக்கொடுப்பதாகப் பெண்ணிடம் எழுதி வாங்கும் விடுதலைப் பத்திரம் என்றொரு காகிதமும் கூடவே வந்துவிட்டது. சீர் செய்து அனுப்பினோமே, இன்னும் என்ன என்று அம்மா கேட்பாள். பிறந்த வீட்டு வாசல் மூடிவிடுமோ என்று பெண் அஞ்சுவாள். மூத்தவன் பேனாவை நீட்டுவான். செலோப்பியாத்தின் பெண்கள் சபை முழுதும் கேட்கும்படி வாசலில் நின்று பேசினார்கள். நம் பெண்கள் பதிவு அலுவலகத்து வாசலில் வேப்பமர நிழலில் நின்று, என்ன எழுதியிருக்கிறது என்று கேட்காமலே கையெழுத்திட்டுத் திரும்புகிறார்கள்.

மூத்தவனாய்ப் பிறந்தவனின் கஷ்டத்தை நான் அறியாதவன் அல்லேன். பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தி அப்பாவோடு ஏர் பிடித்தவர்கள், கரும்பு லாரியோடு இரவுகளைக் கழித்துத் தம்பியைக் கல்லூரிக்கு அனுப்பியவர்கள், தங்கை கல்யாணத்துக்கு வட்டிக்கு வாங்கி அந்த வட்டியைத் தன் பிள்ளைகளின் வாயிலிருந்து கட்டியவர்கள், கடைசி ஆறு மாதம் அப்பாவுக்குப் படுக்கையில் சகலமும் செய்தவர்கள் உங்களில் இருக்கிறீர்கள். அந்த உழைப்புக்கு விலை வேண்டாமா என்று நீங்கள் கேட்டால், வேண்டும் என்பதே என் பதில். ஆனால் அதைக் கணக்காக எழுதுங்கள். பிறப்பின் உரிமையாக எழுதாதீர்கள். இன்ன வருஷத்தில் இன்ன செலவு, அதில் இன்னது குடும்பக் கடன் என்று வெள்ளைத்தாளில் எழுதி எல்லோர் முன்னும் படித்து, முதலில் அந்தக் கடனைச் சொத்திலிருந்து கழித்துவிட்டு, மிஞ்சியதைச் சமமாகப் போடுங்கள். அப்படிச் செய்தால் அண்ணன் பட்ட பாடு தம்பிக்கும் தங்கைக்கும் எண்ணாகத் தெரியும். நன்றியும் அதோடு வரும். பட்ட பாட்டைச் சொல்லாமல் மரியாதையாகக் கேட்டு வாங்கும் கூடுதல் பங்குக்கு நன்றி வருவதில்லை. அதன் பக்கத்திலேயே வேலித்தகராறு முளைத்துவிடுகிறது.

ஆரணியாற்று அணையின் பாசனத்தில் இருப்பவர்கள் நீங்கள்; தலைமடை கடைமடை நியாயம் உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. நீர் முதலில் தலைமடைக்குத்தான் பாயும். அதை யாராலும் மாற்ற முடியாது. ஆனால் மடையைத் திறந்துவைத்துத் தன் வயல் நிரம்பிய பிறகும் அடைக்காமலிருக்கிறவனை ஊர் தலைமடைக்காரன் என்று சொல்லாது; வேறு பெயர் சொல்லும்.

இவ்வளவையும் எழுதிவிட்டு என் வீட்டுக் கதையை மறைத்தால் நான் எழுதியதெல்லாம் வீண். எங்கள் அப்பா காலமான மறு ஆண்டு, 1991இல், எங்கள் வீட்டில் பாகப்பிரிவினை நடந்தது. நாங்கள் ஆண்கள் மூவர், தங்கை ஒருத்தி. நான்கு காணி நஞ்சையில், தம்பிகளுக்கு ஒவ்வொரு காணியும் எனக்கு இரண்டு காணியும் எழுதப்பட்டது. ஜ்யேஷ்டபாகம் என்று சொன்னவர் எங்கள் பெரியப்பா. மறுக்காமல் வாங்கிக்கொண்டவன் நான். தங்கைக்கு 1987இல்தான் கல்யாணமாகி ஊத்துக்கோட்டையில் வாழ்க்கைப்பட்டிருந்தாள். ஆகவே ஆந்திரச் சட்டப்படி அவளும் பாகஸ்தர். அது எனக்கு அப்போதே தெரியும். தமிழ்ப் பள்ளியில் எட்டாவது வரை படித்த அவளுக்குத் தெலுங்கெழுத்து வராது. ஊரில் எல்லோருக்கும் பத்திரம் படித்துச் சொல்கிற நான், என் தங்கை கையெழுத்திட்ட விடுதலைப் பத்திரத்தை அவளுக்குப் படித்துக் காட்டவில்லை. அன்று அவள் கொண்டுவந்த பழத்தை வாங்கிக்கொண்டு, மதிய பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதென்று அவளை அனுப்பிவைத்தேன். இத்தனை ஆண்டுகளில் ஒரு தீபாவளிக்குக்கூட அவள் வராமல் இருந்ததில்லை. ஒரு சொல் கேட்டதுமில்லை.

எனக்கு மிகுதியாக வந்த அந்த ஒரு காணியை அவள் பேருக்குத் தானப் பத்திரமாக எழுதுவதென்று தீர்மானித்து, என் பிள்ளைகளிடமும் தம்பிகளிடமும் சம்மதம் பெற்றுவிட்டேன். பத்திரம் தெலுங்கில்தான் பதிவாகும். ஆனால் அதன் ஒவ்வொரு வரியையும் தமிழில் எழுதிய ஒரு நகலையும் அவள் கையில் கொடுக்கப் போகிறேன். சென்ற வாரம் ஊத்துக்கோட்டைக்குப் போய், இங்கே அணையில் திறந்துவிட்ட அதே ஆறு மணலுக்கு நடுவே மெலிந்து ஓடுகிற கரையோரத்தில் இருக்கும் அவள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து விஷயத்தைச் சொன்னேன். வெகுநேரம் அவள் ஒன்றும் பேசவில்லை. காப்பி போட்டுக் கொண்டுவந்து கொடுத்துவிட்டுக் கேட்டாள்: "அண்ணா, கெணத்துல எனக்கு எந்தக் கெழமை மொற?"

நான் அதை யோசித்திருக்கவில்லை. அன்று மாலையே ஊர் திரும்பித் தம்பிகளோடு உட்கார்ந்து கிணற்று முறையை நான்காக மாற்றி எழுதினோம். முதல் முறை, இதுவரை என்னுடையதாய் இருந்த திங்கட்கிழமை, இப்போது அவள் பேரில் இருக்கிறது.

இப்படிக்கு,
உங்களில் மூத்தவன் ஒருவன்,
பிச்சாட்டூர்.